இரண்டாவது கண்ட்ரோலர்

ஞாயிற்றுக்கிழமை விருந்தாளி வந்தால் காரிபாப்பை, அதான் உருளைக்கிழங்குக் கறி அடைத்த பலகாரத்தை, கடையில் வாங்கிவிடுவதே நல்லது. வீட்டில் பொரித்தால் இரண்டு கையும் அதிலேயே போய்விடும். எனக்குக் கைகள் வேறு வேலைக்குத் தேவைப்பட்டன.

என் கணவர் ரூபேந்திரன் தினமும் ஜொகூர் பாருவிலிருந்து பாலம் கடந்து சிங்கப்பூருக்கு வேலைக்குப் போகிறவர். ஞாயிறு மாலை எங்கள் வீட்டுக் கணினியில் வீட்டுக்கு வரும் நண்பர் சுகுமாறனோடு கால்பந்து விளையாட்டு ஆடுவார். ஆடுவார் என்றால், தோற்பார். பதினோராவது வாரமும் தோற்றபோது சோறே வேண்டாம் என்று படுத்துவிட்டார். எனக்கு மனசு கேட்கவில்லை.

பாசார் மாலாம் இரவுச் சந்தையில் அவர் வாங்கிய, கையில் பிடித்துப் பொத்தான் அழுத்தி ஆடும் பெயரில்லாத கண்ட்ரோலர் அந்த விளையாட்டில் அடிக்கடி மக்கர் செய்தது. அதற்கென்று ஒரு மென்பொருள் இருக்கிறது. கல்யாணத் தரகர் மாதிரி நடுவில் நின்று, இது பெரிய கம்பெனிக் கண்ட்ரோலர்தான் என்று விளையாட்டிடம் கூசாமல் சொல்லும். அதைப் போட்டுக் கொடுத்தேன். அப்போதுதான் பார்த்தேன், இரண்டு கண்ட்ரோலர்களைச் சேர்த்து ஒரே ஆட்டக்காரராகக் காட்டவும் அதற்குத் தெரியும். எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. மறுநாளே கம்பியில்லாத கண்ட்ரோலர் ஒன்று வாங்கினேன்.

சோபாவுக்குப் பின்னால் சாப்பாட்டு மேசை. மடியில் துண்டு, துண்டுக்கு அடியில் புதுக் கண்ட்ரோலரோடு என் கைகள். அந்த ஞாயிறு அவர் ஜெயித்தார்.

"அலமாக்! பாத்தியா சாந்தினி, எப்படி அடிச்சேன்!"

"பாத்தேங்க. நானே அசந்துட்டேன்."

அது பொய்யில்லை. எனக்கே எழுந்து துள்ளிக் குதிக்க வேண்டும்போல் இருந்தது.

நாளாக நாளாக, அவர் கண்டபடி அழுத்துவது என் ஆட்டத்தைக் கெடுத்தது. அதனால் அந்த மென்பொருளில் முதலில் அவருடைய கோல் பொத்தானை மட்டும் துண்டித்தேன். அடுத்து, பந்து கடத்துவதை. ஐந்தாம் மாதம் அவர் கையில் இருந்தது வெறும் பிளாஸ்டிக். அவர் தோள் எந்தப் பக்கம் சாய்கிறதோ அந்தப் பக்கம் திரையில் ஆளை ஓட்டினேன். அவருக்கு ஒரு சந்தேகமும் வரவில்லை. சுகுமாறன் அவரிடம் பயிற்சி கேட்டார், இவரும் கொடுத்தார். நான் அடுப்படிக்கு ஓடிப்போய்ச் சிரித்தேன்.

போன மாதம் ஒரு நாள் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்.

"வேலைய விட்டுடலாம்னு இருக்கேன். இதுலயே முழுசா எறங்கிடலாம் லா. எனக்கு இது கைவந்துருச்சு."

அப்போது சொல்லியிருக்கலாம்தான். அந்த முகத்தில் அவ்வளவு மகிழ்ச்சி, எப்படிச் சொல்வது? ராஜினாமாக் கடிதத்தில் எழுத்துப் பிழை திருத்திக் கொடுத்தேன். வேலை போயிற்று, அந்த இடத்துக்கு வேறு ஆளும் வந்துவிட்டான்.

இந்தச் சனிக்கிழமை பேரங்காடியில் இதே விளையாட்டில் பெரிய போட்டி. கண்ட்ரோலரை அவர்களே கொடுப்பார்கள். யோங் பெங்கிலிருந்து அவருடைய சொந்தக்காரர்கள் வேன் பிடித்து வருகிறார்கள்.

எல்லாம் அவர் சந்தோஷத்துக்காகத்தான் செய்தேன். மேடையில் அவர் தனியாக நிற்கக் கூடாதே என்றுதான் நானும் பெயர் கொடுத்தேன். நேற்று பட்டியல் வந்தது. முதல் சுற்றில் எனக்கு எதிரே அவர்தான். அவர் இன்னும் பார்க்கவில்லை. அவர் மனம் நோகக் கூடாது. ஆறு கோலோடு நிறுத்திக்கொள்ளலாம் என்றிருக்கிறேன்.