தொண்ணூறு அடி மரணம்

காபி நன்றாக இருக்கிறது, ஷெரீஃப் ஐயா. படப்பிடிப்பில் எங்களுக்குக் கிடைப்பது கழுநீர்.

எங்கள் ஊமைப்படம் ஒவ்வொன்றும் ஒரே ரீல்தான், ஆயிரம் அடி. அதற்குள் கொள்ளையர்கள் வண்டியை மறிக்க வேண்டும், கௌபாய் வெண்டல் அவர்களைத் துரத்திச் சுட வேண்டும், பண்ணைக்காரர் மகளான நான் அவனைக் கட்டிக்கொள்ள வேண்டும். கொள்ளையர் தலைவன் தாடியஸ் கிரம்ப். குண்டு பட்டதும் மார்பைப் பிடிப்பார், சுழல்வார், ஒரு பாறையில் சாய்வார், அது பிடிக்காமல் இன்னொரு பாறைக்குப் போய்ச் சாய்வார். சாவதற்கு மட்டும் தொண்ணூறு அடி. அந்தத் தொண்ணூறு அடிக்கு இடம் வேண்டி, பதினோரு படங்களில் என் முகம் வரும் துண்டுகளை வெட்டி எறிந்தார்கள். ஒஹாயோவில் அம்மா டிக்கெட் வாங்கிப் பார்த்துவிட்டு, "நீ எங்கடி இருந்தே? குதிரை நல்லா நடிச்சிருக்கு" என்று எழுதியிருந்தாள்.

மரியாதையாகத்தான் கேட்டுப் பார்த்தேன். "கொஞ்சம் சீக்கிரம் சாகலாமே, கிரம்ப் சார்."

"ஜனங்க வர்றதே நான் சாகறதைப் பாக்கத்தாம்மா. உன் மூஞ்சியப் பாக்கவா?"

நியாயமான பேச்சு. எனக்குக் கோபம் வரவில்லை.

வியாழக்கிழமை, வெண்டலின் துப்பாக்கியிலிருந்த வெற்றுத் தோட்டாக்களை எடுத்துவிட்டு நிஜத் தோட்டா போட்டேன். அவனுக்கு ஒன்றும் தெரியாது, பாவம். அவனை வெளியே விடுங்கள்.

அவன் சுட்டதும், கதைப்படி நான் ஓடிவந்து கொள்ளையன் பக்கத்தில் மண்டியிட வேண்டும். மண்டியிட்டேன். தாடியஸ் என் மணிக்கட்டைப் பற்றிக்கொண்டு, "லவீனியா, நிஜமாவே பட்டுடுச்சு. டாக்டரைக் கூப்பிடு தாயி" என்றார். படத்தில் பேச்சு கேட்காது என்பதால் கேமராவுக்கு முன்னால் வாய்க்கு வந்ததைப் பேசுவது எங்கள் வழக்கம். யாரும் காதில் வாங்குவதில்லை.

டைரக்டர் மெகாஃபோனில் கத்தினார். "வாயசைவு பிரமாதம், தாடியஸ். அப்படியே கெஞ்சு. லவீனியா, நீ அழும்மா."

அழுதேன். முகத்தைக் கேமரா பக்கம் திருப்பிக்கொண்டேன். வேடிக்கை பார்க்க வந்த ஊர் டாக்டர் வேலியோரம் நின்று கைதட்டினார். தாடியஸ் இந்த முறையும் அவசரப்படவில்லை.

கொன்றது நான்தான், அப்படியே எழுதிக்கொள்ளுங்கள். அந்தப் படச்சுருளை மட்டும் சாட்சியென்று பூட்டி வைத்துவிடாதீர்கள். அவர்மேல் உயிரையே வைத்திருந்த ஜனங்கள் கடைசியாக ஒருமுறை அவரைப் பார்க்க வேண்டாமா? எனக்காகக் கேட்கவில்லை.