எரியாத கட்சிக்கு ஒரு குரல்

அவையின் தலைமையையும் அகவையின் பெருமையையும் ஒருங்கே சுமந்து வீற்றிருக்கும் எங்கள் ஊர்க் காமன் விழாக் குழுத் தலைவர், பெரியவர் அமிர்தலிங்கம் ஐயா அவர்களே! மக்காச்சோளக் காட்டுப் புழுதி காலில் இருக்க, குன்னத்திலிருந்தும் அரும்பாவூரிலிருந்தும் பஸ் பிடித்து வந்திருக்கும் பெரியோர்களே! வரதராஜன்பேட்டையிலிருந்து வந்து முன்வரிசையை முழுதாகப் பிடித்துக்கொண்ட நண்பர்களே! பிள்ளையை மடியிலும் கவலையை மனத்திலும் வைத்துக்கொண்டு அமர்ந்திருக்கும் தாய்மார்களே! இன்று தன் முதல் நூலை வெளியிடும், என் உடன்பிறவாத் தங்கை மணிமொழி அவர்களே! அவர் மாமியாரும், மறைந்த என் நண்பன் கலைச்செல்வனைப் பெற்றவருமாகிய ரத்தினம்மாள் அம்மா அவர்களே! உங்கள் அனைவரின் முன்னும் இந்த ராஜவேல் தலை தாழ்த்தி நிற்கிறேன்.

'நூல்களைத் தந்த காமன்' என்று எனக்குத் தலைப்புக் கொடுத்திருக்கிறார்கள். யார் இந்தக் காமன்? கரும்பை வில்லாக வளைத்தவன். வண்டின் வரிசையை நாணாகப் பூட்டியவன். மலரை அம்பாகத் தொடுத்தவன். படை உண்டா? இல்லை. பகை உண்டா? இல்லை. பூவைத் தவிர வேறு பொருள் கையில் உண்டா? இல்லவே இல்லை! ஆனாலும் தவத்தில் ஆழ்ந்திருந்த சிவபெருமானையே அசைத்துப் பார்க்கத் துணிந்தான் அவன். நெற்றிக்கண் திறந்தது. நெருப்பு எழுந்தது. காமன் சாம்பலானான்.

அத்தோடு கதை முடிந்திருக்க வேண்டும் அல்லவா? முடிந்ததா? உடம்போடு இருந்தவரை அவன் ஓர் ஊரில் இருந்தான். உடம்பு போன பிறகோ ஊர்தோறும் இருந்தான், உள்ளந்தோறும் இருந்தான், ஓலைதோறும் இருந்தான். எந்த மொழியில் ஏடு எடுத்தாலும் அவன் பெயரைச் சொல்லாத புலவன் உண்டா? ஏன் தெரியுமா? உடம்பில்லாதவனுக்குத் தங்க ஓர் இடம் வேண்டும். அரண்மனை அவனுக்கு இடம் தரவில்லை. கோயிலில்கூடத் தூணில்தான் நிற்கிறான். எழுதுகிறவன் மட்டும்தான், 'வா, என் ஏட்டில் வந்து இரு' என்றான். ஆகவே காதலைப் பற்றி எழுதிய நூல் ஒவ்வொன்றும் காமனுக்கு மனிதன் கொடுத்த உடம்பு என்பேன் நான்!

என்ன தம்பி, என்ன சொல்கிறீர்கள்? "எரிஞ்ச கட்சிக்காரரே எரியலன்னு பேசுறாரு" என்றா? நல்ல பிடி பிடித்தீர்கள். வெளியூர்க்காரர்களுக்காகச் சொல்கிறேன். மாசி மாதத்தில் எங்கள் ஊரில் காமன் கொடி நடுவோம். பந்தலில் இரண்டு பாய் விரிப்போம். ஒரு பாயில் எரிந்த கட்சி. எதிர்ப்பாயில் எரியாத கட்சி. காமன் எரிந்தான் என்று ஒருவர் டேப் என்னும் தோல்கருவியைத் தட்டிப் பாடுவார். எரியவில்லை என்று எதிரில் இருப்பவர் பாட்டிலேயே பதில் சொல்வார். எரிந்த கட்சிக்கு நான். எரியாத கட்சிக்குக் கலைச்செல்வன். பந்தலில் பாம்பும் கீரியுமாக இருப்போம். பந்தலை விட்டு இறங்கினால் ஒரே டீக்கடையில் ஒரே பெஞ்சில் இருப்போம். "யோவ், இன்னிக்கி நல்லா கேட்டுட்டய்யா, பதிலு தேடி வேர்த்துப்போச்சு" என்று சிரிப்பான். அப்படி ஓர் எதிரி கிடைக்கக் கொடுத்து வைத்திருக்க வேண்டும்.

போன தை மாதம் மக்காச்சோளம் ஏற்றிப்போன டிராக்டர் கவிழ்ந்தது. கலைச்செல்வன் போய்விட்டான். அதைப் பற்றி நான் அதிகம் பேச மாட்டேன். பேசினால் பேச்சு நிற்காது, என் குரல் நின்றுவிடும்.

அடுத்த மாதமே மாசி வந்தது. கொடி நட்டார்கள். எதிர்ப்பாயில் உட்கார ஆள் இல்லை. அந்தப் பாயை விரித்தே வைத்திருந்தார்கள். காமனை எழுப்பும் நாள், விடிந்து வெயில் ஏறிய நேரம், நான் வழக்கம்போல என் கேள்வியைப் பாடினேன். 'எரிந்து சாம்பல் ஆனவனை எங்கே காட்டுவாய்?' என்று பாடி டேப்பை நிறுத்தினேன். பதிலுக்குக் காத்திருப்பது எங்கள் முறை. காத்திருந்தேன்.

அப்போது பந்தலுக்குப் பின்னால் இருந்த வீட்டு ஜன்னலிலிருந்து ஒரு பெண் குரல் வந்தது. அதே மெட்டு! அதே தாளம்! கலைச்செல்வன் எடுக்கும் அதே உச்சம்! 'சாம்பலைத்தானே காட்டுறீங்க, அண்ணே? ஆசையைக் காட்டுங்க, அது எரிஞ்சுதான்னு பாப்போம்!'

பாடியது யார்? இதோ இங்கே தலை குனிந்து அமர்ந்திருக்கும் மணிமொழி. கணவனை இழந்த பெண் பந்தலுக்கு வரக்கூடாது என்று ஊரார் வீட்டுக்குள் இருத்தியிருந்த மணிமொழி! இத்தனை ஆண்டுகளாகப் பந்தலில் பாடிய நான் டேப்பைக் கீழே வைத்துவிட்டு, அந்த ஜன்னலைப் பார்த்துக் கும்பிட்டேன்.

ஊர் என்ன செய்தது? "ஜன்னல சாத்தச் சொல்லுங்கப்பா" என்றது. சாத்தச் சொல்லி ஆளும் போனார். வாசலில் ரத்தினம்மாள் நின்றார். மகனைப் பறிகொடுத்த தாய். "சாத்த மாட்டேன் போங்க. எம்புள்ள குரலு இந்த வழியாத்தான் வருது" என்றார். அம்மா, அன்று நீங்கள் சொன்ன அந்தச் சொல்தான் இன்று நூலாகியிருக்கிறது. என் கேள்விகளுக்கெல்லாம் மணிமொழி எழுதிய பதில்கள்தான் 'ரதியின் எதிர்ப்பாட்டு'. படித்துப் பார்த்தேன். காதலித்தவன் போன பிறகும் காதல் போகாத வீட்டில், அடுப்பு மூட்டுவது எப்படி, கொடியில் காயும் சட்டையை மடித்து வைப்பது எப்படி என்று எழுதியிருக்கிறார். காமன் அம்பைக் கீழே போட்டுவிட்டு அழுகிற இடம் அது. நானும் அழுதேன். வெட்கப்படாமல் சொல்கிறேன்.

இனி நான் சொல்லப்போவது சிலருக்குக் கசக்கும். எங்கள் விழாவில் ரதி யார்? மினி பஸ் ஓட்டும் நம் செந்தில்குமார். மீசையை மழித்து, சேலை கட்டி, பூ வைத்து வருவார். சிரிக்காதீர்கள், அவர் அழுதால் ஊரே அழும். காமன் எரிந்ததும் ரதியின் தாலியைக் கழற்றுவார்கள். 'என் மன்மதா!' என்று அவர் மண்ணில் விழுவார். தாய்மார்களே, அப்போது நீங்கள் என்ன செய்கிறீர்கள்? ஓடிப்போய்த் தூக்குகிறீர்கள். கண்ணைத் துடைக்கிறீர்கள். பூவும் பழமும் கொடுத்துக் காலில் விழுகிறீர்கள்! கணவனை இழந்தவளாக வேடம் போட்ட ஆண்பிள்ளைக்குப் பந்தலின் நடுவில் பூமாலை. கணவனை உண்மையிலேயே இழந்த பெண்ணுக்குப் பந்தலின் பின்னால் சாத்தச் சொன்ன ஜன்னல். எந்தச் சாத்திரம் இது? எந்த நீதி இது? பொய்யாக அழுபவள் தெய்வம், மெய்யாக அழுபவள் அபசகுனமா?

பின்வரிசையில் ஒருவர் 'காலங்காலமா வர்ற வழக்கம்' என்கிறார். ஐயா, மூன்றாம் நாள் காமனை எழுப்புகிறோமே, எழுந்த காமன் யார் கண்ணுக்குத் தெரிவான்? தேவர்களுக்கா? விழாக் குழுவுக்கா? ரதியின் கண்ணுக்கு மட்டும்! அதுவும் காலங்காலமாக வருகிற வழக்கம்தான். அவனைப் பார்க்கக்கூடிய ஒரே ஆளை வீட்டுக்குள் வைத்துப் பூட்டிவிட்டு, வெளியே நின்று யாரை எழுப்புகிறோம் நாம்?

நேற்றுத் தலைவர் ஐயாவிடம் போய்க் கேட்டேன். மறைக்கவில்லை, மேடையிலேயே சொல்கிறேன். "புத்தகம் போடட்டும்யா, நானே வந்து தலைமை தாங்குறேன். பந்தலு மட்டும் வேணாம், ஊரு ஏத்துக்காது" என்றார். ஐயா, உங்கள் மேல் எனக்கு மரியாதை குறையவில்லை. ஆனால் புத்தகத்துக்குள் ரதியை அனுமதித்துவிட்டுப் பந்தலுக்கு வெளியே நிறுத்துவதற்கு நான் உடன்பட மாட்டேன். வருகிற மாசியில் எதிர்ப்பாயில் மணிமொழி உட்கார வேண்டும். உட்காரவில்லை என்றால் என் பாயிலும் ஆள் இருக்காது! பதில் சொல்ல எதிரில் ஆள் இல்லாமல் கேள்வி கேட்பது வீரம் அன்று, வெற்றுக் கூச்சல்.

ஊர் ஏற்குமா என்று ஊரையே கேட்போமே! ரதிக்குப் பூக்கொடுத்த கைகள் எங்கே? மணிமொழி பந்தலில் பாடலாம் என்பவர்கள் உயர்த்துங்கள்! ரத்தினம்மாள் உயர்த்திவிட்டார். நம் ஊர்த் தாய்மார்கள்... குன்னத்துத் தாய்மார்கள்... அரும்பாவூர்... செந்தில்குமார், இரண்டு கையும் வேண்டாம், ஒன்று போதும்! ஐயா, பாருங்கள். உங்கள் ஊரைத் திரும்பிப் பாருங்கள்.

தலைவர் எழுந்திருக்கிறார். சற்று அமைதி... அமைதி. ஐயா, ஒலிபெருக்கியில் சொல்லுங்கள். வேண்டாமா? என்னிடம் சொல்கிறாரா?

...

அவையோரே, அவர் சொன்னதை அப்படியே சொல்கிறேன். "எம் மவ நந்தினியும் மூணு வருசமா உள்ளதான்யா உக்காந்திருக்கா. மாசிக்கு அவளையும் நானே கூட்டியாரேன். முன்னாடி பாயப் போடு" என்கிறார்.

நந்தினியை உங்களில் பலருக்குத் தெரியும். மருமகனை இழந்த வீடு அது. ஐயா, அந்தப் பாயை நானே விரிக்கிறேன்.

தங்கை மணிமொழி, எழுந்து வா அம்மா. இந்த ஒலிபெருக்கி உன்னுடையது. மாசி வரை என்னால் பொறுக்க முடியாது. கேள்வியை இங்கேயே கேட்கிறேன்: எரிந்து சாம்பல் ஆனவனை எங்கே காட்டுவாய்? நீ பாடு, நான் தோற்கிறேன். தோற்க வாய்ப்பளித்த தலைவருக்கும், கை உயர்த்திய தாய்மார்களுக்கும், கடைசி வரை இருந்து கேட்ட உங்கள் எல்லோருக்கும் எரிந்த கட்சிக்காரனின் நன்றியும் வணக்கமும்!