உறைக்குள் வைத்த பஞ்சு

டீயில் சீனி கூடுதல், சார். பரவாயில்லை, குடித்துவிடுகிறேன். அந்தப் போலீஸ்காரப் பெண்ணைக் கொஞ்சம் நிறுத்தி எழுதச் சொல்லுங்கள். என் மூன்றாம் வகுப்புப் பிள்ளைகள் இதைவிடத் திருத்தமாக எழுதும்.

பெயர் நேசம்மாள். அருமனைப் பக்கம் முப்பது வருடம் டீச்சர். குமாரதாஸ் என் தம்பி. அம்மா இறந்தபோது அவனுக்கு ஆறு வயது. அவனை வளர்த்ததில் எனக்குக் கல்யாணம் தள்ளிப்போய், பிறகு நடக்காமலே போயிற்று. அதை நான் குறையாகச் சொன்னதில்லை. கத்தாரிலிருந்து லீவில் வந்தவன், தக்கலையில் நர்ஸாக இருந்த சகாயசெல்வியைக் கட்டப்போவதாகச் சொன்னான். என்னிடம் கேட்கவில்லை. சொன்னான்.

கல்யாணமான நாற்பதாம் நாள் அவன் விமானம் ஏறினான். கல்யாணம் கழிந்து எட்டாம் மாதமே பெண் குழந்தை பிறந்துவிட்டது. ரெஜிஷா என்று பெயர் வைத்தார்கள். குறைமாதம் என்று டாக்டர் எழுதிக்கொடுத்தார். டாக்டர்கள் எதையும் எழுதுவார்கள். நான் தம்பிக்குப் போனில் மாதங்களை எண்ணிக் காட்டினேன், அவ்வளவுதான். சந்தேகப்பட்டது அவன்.

அடுத்த லீவில் ஏதோ தனியார் லேபிலிருந்து டிஎன்ஏ பரிசோதனைக்கு இரண்டு உறைகள் கூரியரில் வரவழைத்தான். தன் கன்னத்தின் உள்ளே பஞ்சுக் குச்சியைத் தேய்த்து ஒன்றில் வைத்தான்.

“பிள்ளைக்கு நீ எடு அக்கா. எனக்கு மனசு வரல்ல.”

“இங்க கொண்டா மக்கா. நீ போய் கெட.”

ரெஜிஷாவின் வாயில் நான் குச்சியை வைக்கவில்லை. எங்கள் ரப்பர் தோட்டத்தில் பால்வெட்டும் தங்கையனின் பேத்தி தொட்டிலில் கிடந்தது. அதற்கும் வாய் இருந்தது. பெண் குழந்தையாகத்தான் பார்த்து எடுத்தேன்; ஆணா பெண்ணா என்பதும் தாளில் வருமாம். ஒரு காரியத்தில் இறங்கினால் ஒழுங்காகச் செய்ய வேண்டும்.

ஏன் என்கிறீர்கள். ரெஜிஷாவின் காது மடல் தம்பியுடையதைப் போலவே உள்ளே மடிந்திருந்தது. ஆஸ்பத்திரியில் பார்த்த அன்றே எனக்குத் தெரியும். உண்மையான பஞ்சை அனுப்பினால் என்ன வரும் என்று உங்களுக்கே புரியும்.

தகப்பன் அல்ல என்று தாள் வந்தது. படித்தவன், பொறியியல் டிப்ளமோ. உறைக்குள் என்ன இருந்தது என்று அவன் கேட்கவே இல்லை. செல்வி குழந்தையோடு படியிறங்கும்போது என்னிடம் வந்தாள்.

“அக்கா, ஒங்களுக்கு தெரியும்லா. ஒரு வார்த்த சொல்லுங்க.”

“தாள் சொல்லுதம்மா. நான் என்னத்த சொல்ல.”

அவள் நாகர்கோவில் கோர்ட்டுக்குப் போனாள். தம்பி அந்தத் தாளை வக்கீலிடம் கொடுத்தான். இரண்டு வருடம் வாய்தா வாங்கினோம். கடைசியில் கோர்ட்டே தம்பியை வரவழைத்து, டாக்டர் முன்னால் அவனுக்கும் பிள்ளைக்கும் ரத்தம் எடுக்க வைத்தது. அங்கே என்னை உள்ளே விடவில்லை.

முடிவு வருவதற்கு முன்பே குழந்தைக்கு டெங்கு. நாலு வயது. மூன்று நாளில் முடிந்துவிட்டது. அடக்கத்துக்குப் போகவேண்டும் என்று தம்பி சட்டையை மாட்டிக்கொண்டு நின்றான். போனால் பிள்ளை தனதென்று ஒத்துக்கொண்டதாகிவிடும் என்றேன். சட்டையைக் கழற்றினான். என் பேச்சை அவன் தட்டியதில்லை, அந்தக் கல்யாணம் ஒன்றைத் தவிர.

மூன்று வாரம் கழித்துக் கோர்ட்டின் தாள் வந்தது. அவன்தான் தகப்பன்.

“அக்கா, அன்னைக்கு யாருக்க வாயில வச்ச?”

சொன்னேன். பொய் சொல்லி எனக்குப் பழக்கமில்லை.

அவன் செல்வி வீட்டுக்குப் போனான். அவள் கதவைத் திறக்கவில்லை. திறந்திருந்தால்தான் ஆச்சரியப்பட்டிருப்பேன். இப்போது தக்கலையில் லாட்ஜில் கிடக்கிறானாம். இந்தப் புகாரைக் கொடுத்ததே அவன்தான் என்கிறீர்கள். கோபத்தில் கொடுத்திருப்பான்.

நான் செய்ததுதான், சார், எல்லாம். எழுதிக்கொள்ளுங்கள். ஆனால் சாயங்காலத்துக்குள் என்னை விட்டுவிட்டால் நல்லது. தம்பி வீட்டுக்கு வந்துவிடுவான். என்னை விட்டால் அவனுக்கு வேறு யார் இருக்கிறார்கள்?