தாழ்த்தும் வெல்லம்

ஊரில் யுத்தம் முடிந்த அந்தக் கோடையில், ஐரோப்பிய நகரமான சில்க்போர்க்கில், பஸ்ஸில் எனக்கு முன்னால் இரண்டு தமிழ்ப் பெண்கள் இருந்தார்கள். "தாழ்த்தும் வெல்லம் எண்டால் என்னெண்டு தெரியுமோ அக்கா?" என்று இளையவள் கேட்டதும் நான் புத்தகத்தை மூடிவிட்டேன்.

"நான் ஓலெவலோட பள்ளிக்கூடத்தை விட்டனான். ஏன் கேக்கிறாய்?"

"தங்கச்சி போன் எடுத்தவள்."

மூத்தவர் அவளுடைய கையைப் பிடித்தார். "இருக்கிறாளோ?"

"ஓம். அகதி முகாமில. ஆரின்ரையோ போனில கதைச்சவள். மாசக்கணக்காய் ஒரு செய்தியுமில்லை, நான் அழுதுகொண்டு நிக்கிறன். அவள் அங்க ஏலெவல் பிள்ளையளுக்குக் கெமிஸ்ரி படிப்பிக்கிறாளாம்."

"முகாமுக்குள்ளயோ? என்னத்தை வச்சு?"

"ஒண்டுமில்லை. நீலக் கரைசலுக்குள்ள குளுக்கோசு விட்டுச் சூடாக்கினால் செங்கல் நிறம் வருமாம். அப்பிடி நிறம் மாத்திற சீனியைத்தான் தாழ்த்தும் வெல்லம் எண்டுறதாம். கண்ணை மூடி அந்த நிறத்தை நினையுங்கோ எண்டு சொல்லுறாளாம். ஒரு பெட்டை கேட்டவளாம், வெல்லம் ஆரை ரீச்சர் தாழ்த்துது எண்டு. அதைச் சொல்லிச் சிரிக்கிறாள்."

"சரியாய்த்தானே கேட்டிருக்கிறாள்."

"ஒருத்தரையும் இல்லையாம். கெமிஸ்ரியில தாழ்த்துறது எண்டால் மற்றதுக்கு இலத்திரனை, அதுதான் எலக்ட்ரோனை, குடுக்கிறதாம். அது குடுக்கிற வெல்லம் எண்டு விளங்கப்படுத்தினவளாம்."

"எப்பிடிப் பிள்ளை அவளுக்கு ஏலுது? உடுப்பு, சாப்பாடு ஏதும் வேணுமெண்டு சொன்னவளோ?"

"நானும் கேட்டனான். பிள்ளையள் பாடத்துக்கு வந்திட்டுதுகள், பிறகு கதைக்கிறன் எண்டு வச்சிட்டாள்."