மலை ஏறாத கமிஷனர்

தேனியிலிருந்து போடிக்குப் போன மாட்டுவண்டியில் எனக்கு எதிரே சிலமலைக்காரர் ஒருவரும் அவருடைய தங்கை புருஷனும் உட்கார்ந்திருந்தார்கள். பாதி வழியில் மூத்தவர் திடீரென்று வெடித்தார்.

“தப்பாத் தீர்ப்புச் சொல்லவும் முன்சீப்புக்கு அதிகாரம் இருக்காம், மாப்ளே!”

“யாரு மச்சான் சொன்னது?”

“பட்டணத்துப் பெரிய கோர்ட்டு! எனக்கும் எந்தம்பிக்கும் ஏலத்தோட்டத்தப் பங்கு பிரிக்கிற கேஸுல, அளந்துட்டு வரச் சொல்லி முன்சீப்பு ஒரு கமிஷனர அனுப்புனாரு. தோட்டம் மலை மேல. அந்தாளு அடிவாரத்துக் குரங்கணியோட நின்னுக்கிட்டாரு. மேல ஏறுனா அட்டை கடிக்குமாம். கீழ நின்னு, எந்தம்பி கை காட்டுன எடத்துல கோட்டப் போட்டுட்டாரு. ஓடையும் நெழலும் அவனுக்கு, மொட்டப் பாறை எனக்கு. பாறையில ஏலம் வெளையுமா?”

“வேற ஆள அனுப்பச் சொல்ல வேண்டியதுதான?”

“கேட்டேனே! முன்சீப்பு முடியாதுன்னுட்டாரு. அத எதுத்துப் பட்டணம் போனேன். ‘அவரு முடிவு தப்பாவே இருக்கட்டும், முடிவு பண்ண அவருக்கு அதிகாரம் இருக்கு. நடுவுல நாங்க தலையிட மாட்டோம். கேஸு முடிஞ்சதும் அப்பீலுக்கு வா’ன்னுட்டாக.”

“கேஸு எப்ப முடியும்?”

“அந்தப் பாறைய எந்தலையில கட்டுன பெறகு!”

போடி வந்துவிட்டது. வண்டியை விட்டு இறங்கிய பிறகும் அவர் விடவில்லை.

“கமிஷனரு அட்டைக்குப் பயந்தாரு, சரி. பட்டணத்துக் கோர்ட்டுல ஏது மாப்ளே அட்டை? ஒரு ஆள மலையேறச் சொல்ல அவுக எதுக்குப் பயந்தாக?”