திரும்பத் திரும்ப வந்த பன்னிக்குட்டி

ஐயையோ, பிளக்கைப் பிடுங்காதீங்க சார்! கையை எடுங்க, கையை எடுங்க. திரையில என்ன எழுதியிருக்குன்னு பாருங்க. தயார் பண்ணிட்டு இருக்கோம், கம்ப்யூட்டரை அணைக்காதீங்கன்னு போட்டிருக்கா இல்லையா? நான் போட்டதில்ல, அதுவே போட்டது. நடுவுல பிடுங்கினா உள்ள இருக்கிறதெல்லாம் குழம்பிடும்னு என் தம்பி சொல்லியிருக்கான். கம்ப்யூட்டர் ரிப்பேர் கடையில வேலை பார்க்கிறான் சார், சும்மா சொல்ல மாட்டான். ஆபீஸ் பொருளைத் திருப்பித் தர்றப்ப உருப்படியா தரணும்ல. நாளைக்கு அதுக்கும் எங்களைத்தானே கேட்பீங்க.

உட்காருங்க. ஐயோ, அந்த நாற்காலி வேண்டாம், அதுல பாப்பா பாலைக் கொட்டி வச்சிருக்கா, பேன்ட்டோட ஒட்டிக்கும். இதுல உட்காருங்க. டீ?

வேண்டாமா. சரி.

எங்க வீட்டுக்காரரா? உள்ளதான் இருக்கார். பாப்பாவைத் தட்டித் தூங்க வைக்கிறார். பாப்பா எப்பவோ தூங்கியாச்சு, அவர்தான் இன்னும் தட்டிக்கிட்டு இருக்கார். உங்க முகத்தைப் பார்க்க வெட்கம். மேனேஜர் நீங்களே வீடு தேடி வந்து கம்ப்யூட்டரைத் தூக்கிட்டுப் போறீங்கன்னா, அந்த மனுஷனுக்கு எப்படி இருக்கும் சொல்லுங்க. காலையில என்கிட்ட என்ன சொன்னார் தெரியுமா? நான் மன்னிப்பு கேட்டுடுறேன், ஒருவேளை கை தவறி எங்கயாவது அமுக்கியிருப்பேனோ என்னமோன்னார். எனக்கு வந்ததே கோவம்! செய்யாத தப்புக்கு மன்னிப்பு கேட்கிறதுக்கு ஆள் தேடினா, வரிசையில முதல்ல போய் நிப்பார் இவர்.

அவர் பார்க்கிற வேலைதான் என்ன? பார்சல்ல விலாசத்தைத் தப்பா எழுதி அனுப்புறாங்க, வீட்டு நம்பரை விட்டுடறாங்க, தெருப் பேரைக் கடிச்சுத் துப்பிடறாங்க. அதையெல்லாம் உட்கார்ந்து திருத்தி, போக வேண்டிய வீட்டுக்குப் போக வைக்கிறார். ஊர்ப்பட்ட பார்சலுக்கு வழி சொல்ற மனுஷன், விலாசம் தப்பித் தன் மேல வந்து விழுந்த பழியைத் திருப்பி அனுப்பத் தெரியாம உள்ள உட்கார்ந்து தூங்குற குழந்தையைத் தட்டிக்கிட்டு இருக்கார்.

தெரியும் சார், தெரியும். ஆபீஸ் கம்ப்யூட்டர்ல கேம் போட்டா வேலை போயிடும், அதுதான் சட்டம். விளையாடினாரா இல்லையான்னு நீங்க பார்க்கப் போறதில்ல, போட்டதே தப்பு. நீங்க உள்ள வச்சு அனுப்பியிருக்கிற அந்த வேவு பார்க்கிற ப்ரோக்ராம் சொல்லுது, இவர் கேம் போட்டார், எடுத்தார், மறுபடி போட்டார், மறுபடி எடுத்தார்னு. மாட்டிக்கக் கூடாதுன்னு எடுத்து எடுத்துப் போடுறார்னு நீங்க நினைச்சுட்டீங்க. உங்களைக் குத்தம் சொல்லல. அதைப் படிச்சா நானே அப்படித்தான் நினைப்பேன்.

ஆனா நடந்தது என்னன்னு கேட்டுட்டுப் போங்க. அது என்னவோ தயார் ஆகுற வரைக்கும் நீங்களும் சும்மாதானே உட்காரணும்.

வீட்ல இருந்து வேலை பார்க்கன்னு உங்க ஆபீஸ்ல இருந்து இந்தக் கம்ப்யூட்டர் வந்த அன்னைக்கு நான்தான் பெட்டியைப் பிரிச்சேன். புதுசு வாசனை, மேல ஒரு தூசி இல்ல. ஆன் பண்ணினா, உள்ள குப்பை. இன்னும் ஒரு கோப்பு கூட நாங்க வைக்கல, அதுக்குள்ள எவனோ குடி வந்து பாயை விரிச்சுட்டான். கலர் கலரா மிட்டாயை அடுக்குற கேம் ஒண்ணு. கண்ணு கூசும், பார்த்தாலே பல்லு கூசும். தக்காளி நடுற கேம் ஒண்ணு. அப்புறம் அந்தப் பன்னிக்குட்டி. ரோஸ் கலர்ல, வாய் நிறைய தங்கக் காசைக் கவ்விக்கிட்டு, கண்ணடிச்சுக்கிட்டு ஒரு இளிப்பு இளிக்கும் பாருங்க, தூ! எச்சில் ஒழுகுற மாதிரி வேற வரைஞ்சிருக்கான் பாவி. பொம்மைன்னா ஒரு அழகு வேண்டாமா?

எல்லாத்தையும் விட, சீட்டாட்ட கேம் ஒண்ணு சார். அது மேல ஒருத்தி. அவளுக்குத் துணி வாங்கித் தர ஆளில்ல போல. அவர் வேலை பார்க்கிறப்ப மூலையில சடக்குன்னு எட்டிப் பார்ப்பா. வாங்க, உங்களுக்காகக் காத்திருக்கேன்னு எழுத்து வரும். ஒரு நாள் எங்க மாமியார் வந்திருந்தாங்க. மகன் எப்படி உழைக்கிறான்னு பார்க்கப் பின்னாடி போய் நின்னாங்க. சரியா அந்த நேரம் பார்த்து அவ எட்டிப் பார்த்தா. மாமியார் மெதுவா சமையல்கட்டுக்கு வந்து, என் காதுல, யாருடி இந்தப் பொம்பளைன்னாங்க. அத்தை, அது விளம்பரம்னேன். விளம்பரத்துக்கு எதுக்குடி இவன் பேர் தெரியுதுன்னாங்க. நிஜமாவே பேர் சொல்லித்தான் கூப்பிட்டா அவ. ரெண்டு நாள் மாமியார் மகன்கூடப் பேசல, மகனுக்கு எதுக்குன்னே தெரியல!

அவருக்கு இதெல்லாம் கண்ணுலயே படாது சார். விலாசம் மட்டும்தான் தெரியும். பக்கத்துல வீடு தீப்பிடிச்சா, எந்த நம்பர் வீடுன்னு கேட்பார். எனக்கு அப்படி இல்ல. அடுப்பு மேடையில ஒரு பிசுக்கு இருந்தா எனக்குச் சோறு இறங்காது. அந்தப் பன்னியைப் பார்த்த அன்னைக்கே முடிவு பண்ணிட்டேன், ஒண்ணு இது இருக்கணும், இல்ல நான் இருக்கணும்னு.

ஆமா. அதைத்தான் சொல்றேன். எடுத்தது நான். அவர் குளிக்கப் போற நேரம், சாப்பிட உட்கார்ற நேரம், நான் போய் உட்கார்ந்துடுவேன்.

முதல்ல திரையில இருந்த படத்தை இழுத்துக் குப்பைக்கூடையில போட்டேன். ஒழிஞ்சுதுன்னு கையைக் கழுவினேன். அடுத்த நாள் கீழ மூலையைத் தட்டினா ஒரு பட்டியல் விரியுமே, அதுல உட்கார்ந்து இளிக்குது. வாசல்ல தொங்குற பேர்ப்பலகையைக் கழட்டிட்டு, வீட்டைக் காலி பண்ணிட்டேன்னு நினைச்சிருக்கேன் நான்! சரின்னு பட்டியல்ல இருந்தும் எடுத்தேன். அதுவும் சும்மா கண்ணுல இருந்து மறைக்கிறதுதானாம், உள்ள அப்படியே இருக்குமாம். அப்புறம்தான் தம்பி போன்ல சொன்னான். அக்கா, செட்டிங்ஸுக்குள்ள போ, ஆப்ஸ்னு இருக்கும், அதுல ஒவ்வொண்ணா பிடிச்சு நீக்குன்னான். போனேன். நீக்கட்டுமான்னு கேட்டுச்சு. நீக்குன்னேன். நிஜமாவா, எல்லாத் தகவலும் போயிடுமேன்னு மறுபடி கேட்டுச்சு. அடப்பாவி, உள்ள வர்றப்ப என்னை ஒரு வார்த்தை கேட்டியா? வெளிய போறதுக்கு மட்டும் ரெண்டு தடவை கேட்கிறியே! எவ்வளவு அருவருப்பான புத்தி பாருங்க சார். கதவைத் தட்டாம உள்ள வந்துட்டு, போகச் சொன்னா கண்ணைக் கசக்குறது.

எல்லாத்தையும் நீக்கினேன். சுத்தமா இருந்துச்சு. அன்னைக்கு எனக்கே பாட்டு வந்துச்சு, பாத்திரம் கழுவுறப்ப.

அப்புறம் ஒரு நாள் பெரிய அப்டேட் வந்துச்சு. அதான், சுத்திக்கிட்டே இருக்குமே வட்டமா, வேலையைக் கெடுத்துக்கிட்டு. முடிஞ்சு திறந்தா, பன்னிக்குட்டி! அதே இளிப்பு. மருந்து அடிச்ச மறுநாள் கரப்பான்பூச்சி குடும்பத்தோட வந்து நின்னா எப்படி இருக்கும்? மறுபடி நீக்கினேன். மறுபடி அப்டேட். மறுபடி பன்னி. நான் விடுவேனா? அது விடுமா? இப்படியே எங்க ரெண்டு பேருக்கும் சண்டை.

இப்பப் புரியுதா சார்? நான் வீட்டைச் சுத்தம் பண்ணினேன்னு நினைச்சேன். நான் ஒரு தடவை துடைச்சா அது ஒரு தடவை வந்துச்சு, அது வந்தப்பல்லாம் உங்க ப்ரோக்ராம் இவர் பேர்ல ஒண்ணு எழுதிச்சு. என்னை மாதிரி சுத்தக்காரி இல்லாத வீட்ல, அந்தப் பன்னி ஒரே தடவை வந்து ஒரு ஓரமா கிடந்திருக்கும். யார் கண்ணுலயும் பட்டிருக்காது. உங்க ஆபீஸ்ல மத்தவங்க கம்ப்யூட்டர்ல எல்லாம் இன்னும் கிடக்கும் பாருங்க, தூசி தட்டாம.

இதைச் சொல்லி அவர் உங்களுக்குப் போன் பண்ணினார் சார். ஞாபகம் இருக்கா? நீங்க சொன்னீங்க, கேம் தானா வந்து உட்காருமா, யார்கிட்ட கதை விடுறீங்கன்னு. திட்டினா கூடத் தாங்கிப்பார், பொய் சொல்றீங்கன்னா உடைஞ்சுடுவார். நேத்து பாப்பா அந்தப் பன்னி மூலையில எட்டிப் பார்க்கிறப்ப வர்ற டொட்டடொய்ங் சத்தத்தை வாயால போட்டா. எப்பவோ கேட்டது, மறக்கல. என்னைக்கும் அவளைச் சத்தம் போடாத மனுஷன், நேத்து போட்டார். அப்புறம் அவரே அழுதார். எனக்கு அதுக்கு மேல பொறுக்கல.

இன்னும் முடியலையா அது? முடிஞ்சுடும், முடிஞ்சுடும். திரையில அந்த நீலம் மாறிப் பச்சை ஆகுது பாருங்க, கிட்டத்தட்ட ஆயிடுச்சு. தண்ணியாவது குடிங்க. ஃபேனை வேகமா வைக்கட்டுமா?

தம்பிகிட்ட மறுபடி கேட்டேன் சார். என்னடா இது, நீக்கினா ஏன்டா வருதுன்னு. அவன் சிரிச்சான். அக்கா, நீ மாமா பங்கைத்தான் வெளிய எறியுற. கம்ப்யூட்டரை விக்கிறவனே உள்ள ஒரு மூட்டை கட்டி வச்சிருக்கான். பெரிய அப்டேட் வந்தா அந்த மூட்டையை அவிழ்ப்பான். புதுசா ஒரு ஆள் பேர்ல கம்ப்யூட்டர்ல கணக்கு திறந்தாலும் அவிழ்ப்பான், அந்த ஆளுக்கும் ஒரு பங்கு வச்சுடுவான். மூட்டையையே தூக்கினாத்தான் ஒழியும்னான். தூக்க முடியுமாடான்னேன். முடியும், கட்டளை அடிக்கிற திரைன்னு ஒண்ணு இருக்கு, அதுல நான் சொல்ற வரியை ஒரு எழுத்து மாறாம அடி, இனி யாருக்கும் வராதுன்னான்.

அடிச்சிருக்கலாம். வரியைக் கூட வாங்கி வச்சுட்டேன். கை துறுதுறுன்னுச்சு. அந்த இளிப்பு இந்த வீட்ல இன்னொரு நாள் இருக்கிறது எனக்குப் பிடிக்குமா சொல்லுங்க. ஆனா அடிக்கல. மேனேஜர் வர்றார்னு இவர் சொன்னதும், இன்னும் ஒரே ஒரு நாள் இருந்துட்டுப் போ சனியனேன்னு விட்டுட்டேன்.

எதுக்கா? இருங்க, சொல்றேன். இருங்க...

ஆ! வந்துடுச்சு பாருங்க, திரை தெளிஞ்சுடுச்சு. கிட்ட வாங்க சார். நான் தொடல. இதோ, ரெண்டு கையும் முந்தானைக்குள்ள வச்சுக்கிட்டேன். நீங்க வந்ததுல இருந்து நான் அந்தப் பக்கம் போனேனா? இல்லல்ல? நீங்களே அந்த மூலையைத் தட்டுங்க. அதான், அங்கதான். பட்டியல் வருதா? கொஞ்சம் கீழ தள்ளுங்க.

வாடி என் தங்கமே! வந்துட்டியா! மிட்டாயும் வந்திருக்கு, தக்காளியும் வந்திருக்கு. அட, அந்தச் சீட்டாட்டக்காரியும் வந்துட்டா சார், உங்களைப் பார்க்க. இத்தனை நாள் இதுங்களைப் பார்த்தா எனக்குப் பத்திக்கிட்டு வரும், இன்னைக்குத்தான் திருஷ்டி சுத்திப் போடணும் போல இருக்கு. ஒரு நிமிஷம் லேட் ஆகியிருந்தா நான் பேச வேற கதைக்கு எங்க போவேன்?

இல்ல சார், இது எங்க வீட்டுக்காரர் கணக்கு இல்ல. நீங்க பெல் அடிச்சீங்கல்ல, கதவைத் திறக்க நான் கொஞ்சம் லேட் பண்ணினேன்ல? அப்பத்தான் புதுசா ஒரு ஆளுக்குக் கணக்கு திறந்து, உள்ள விட்டுட்டு வந்தேன். யாருக்குன்னா, மேல அந்த ஆள் படத்துக்குப் பக்கத்துல பேர் இருக்கு பாருங்க. மேனேஜர்னு போட்டிருக்கேன். அவசரத்துல வேற பேர் தோணல.

அந்த வேவு ப்ரோக்ராம் சமத்து சார், உடனே உடனே அனுப்பிடும்னு நீங்கதானே இவர்கிட்ட சொன்னீங்க. இந்நேரம் அனுப்பியிருக்கும். மேனேஜர், பன்னிக்குட்டி கேம் போட்டார். மேனேஜர், சீட்டாட்டம் போட்டார்.

இருமுறீங்களா, சிரிக்கிறீங்களா? தண்ணியைக் குடிங்க, மெதுவா.

ஏங்க, தட்டினது போதும், வெளிய வாங்க! சார் உங்களைத்தான் பார்க்கணுங்கிறார்.

நீங்க ஒண்ணும் பெருசா பண்ண வேண்டாம் சார். நாளைக்கு ஆபீஸ்ல உங்களைக் கேட்பாங்கல்ல, இது எப்படி உங்க பேர்ல வந்துச்சுன்னு? அதுக்கு நீங்க என்ன பதில் சொல்வீங்களோ, அதையே இவருக்கும் சேர்த்துச் சொல்லிடுங்க. அது போதும் எங்களுக்கு.

நான் அந்த மூட்டையைத் தூக்கிடுறேன், உங்க கண்ணு முன்னாடியே. அந்தக் கட்டளை ஓடி முடிக்கக் கொஞ்ச நேரம் ஆகும். இப்பவாவது டீ போடட்டுமா?