கடைசிப் பந்துக்கு ஹெல்மெட் கிடையாது

மழை வந்து ஆட்டம் நின்றால்தான் வர்ணனையாளனுக்கு உண்மையான வேலை, இன்ஸ்பெக்டர் சார். மற்ற நேரமெல்லாம், கண்ணுள்ளவர்கள் பார்த்ததையே திரும்பச் சொல்லிச் சம்பளம் வாங்குகிறோம்.

நானும் ஸ்டான்லியும் திண்டுக்கல்காரர்கள். மாநில அணியில் பதினேழு வருடம் சேர்ந்து ஆடினோம். நான் வேகப்பந்து, அவன் தொடக்க ஆட்டக்காரன். முட்டி தேய்ந்த வயதில், ஒரு டிவி சேனல் எங்கள் ஊர்ப் பேச்சில் வர்ணனை செய்ய ஆள் தேடியது. ஒரே ஒரு நாற்காலி. தேர்வில் நான் புள்ளிவிவரங்களை மனப்பாடமாக ஒப்பித்தேன். ஸ்டான்லி, "இந்தப் பிட்சுல வெங்காயம் போட்டா அம்புட்டு நல்லா வரும்ணே" என்றான். அறையே சிரித்தது. நாற்காலி அவனுக்குப் போனது. எனக்கு வயிறு எரிந்தது, மறைப்பானேன்.

ஊரில் அவனுக்கு வழியனுப்பு ஆட்டம் வைத்தோம். எங்களிடம் ஒரு வழக்கம் உண்டு. ஓய்வு பெறுகிறவன் கடைசிப் பந்தை ஹெல்மெட் இல்லாமல் ஆடுவான், போட்டோவில் முகம் தெரிய வேண்டுமே. பந்து வீசுகிறவன் மெதுவாக ஒரு ஃபுல்டாஸ் போடுவான், அவன் சிக்ஸர் அடிப்பான், நாங்கள் கைதட்டுவோம். அந்தப் பந்தை நான் கேட்டு வாங்கிக்கொண்டேன்.

"ஏலே மோகன், பதமா போடுறா" என்று சிரித்தான்.

கை நழுவியதாக அன்று சொன்னேன். நீங்கள் வீடியோவை மெதுவாக ஓட்டிக் காட்டினீர்கள், நானே விளக்கிவிடுகிறேன். முழு வேகத்தில் ஓடிவந்தேன், பந்தின் தையலில் இரண்டு விரல், நழுவிய பந்து அப்படி எழும்பாது. இந்திய அணித் தேர்வாளர்கள் பதினேழு வருடம் என்னிடம் கேட்ட வேகமும் குறியும் அன்றுதான் கூடிவந்தன. பார்க்க ஒரு தேர்வாளரும் வரவில்லை. தலைக்குப் போடவில்லை சார், நான் கொலைகாரன் இல்லை. தாடைக்குத்தான் போட்டேன். பேசுவதற்கு அதுதானே வேண்டும்.

ஆஸ்பத்திரி வாசலில் அவன் மனைவி சத்யபிரியா அழுதுகொண்டே, "யாரோ உக்கார்றதுக்கு நீங்களே அந்தச் சீட்ல உக்காருங்கண்ணே" என்றாள். தட்ட முடியவில்லை.

இரண்டு வருடமாகிறது. அவன் பேசுவது இன்று அவளுக்கு மட்டும்தான் புரிகிறது. நான் வர்ணனையைத் தொடங்கியதும் டிவி சத்தத்தை நிறுத்திவிட்டுப் படம் மட்டும் பார்க்கிறானாம். நண்பன் முன்னேறினால் பொறுக்காத மனசு ஸ்டான்லிக்கு இருக்குமென்று நான் நினைக்கவே இல்லை.